உபகாரச் சம்பளம்: தாமதமான ஓய்வூதியமும் நீதிமன்றக் கதவும்

அரசுப் பணியை முடித்து வெளியேறியவருக்கு மாதந்தோறும் வழங்கப்படும் தொகை இன்று ஓய்வூதியம் எனப்படுகிறது. முந்தைய தலைமுறைத் தமிழில் அதற்கு உபகாரச் சம்பளம் என்றொரு பெயர் இருந்தது. ஒன்றோடொன்று பொருந்தாத இரு சொற்களை ஒட்டிவைத்த அந்தப் பெயர், அதை ஆக்கியவர்கள் நினைத்தார்களோ இல்லையோ, ஒரு சட்டச் சிக்கலைத் தன்னுள் வைத்திருக்கிறது. உபகாரம் என்பது கொடுப்பவரின் மனத்தைப் பொறுத்தது. அது நாளை வரலாம், அடுத்த ஆண்டு வரலாம், வராமலும் போகலாம், அதைப் பெறவேண்டியவர் வாசலில் காத்திருப்பதைத் தவிர வேறொன்றும் செய்வதற்கில்லை. சம்பளமோ செய்த வேலைக்குரிய கணக்கு. நாள் தவறினால் ஏன் தவறியது என்று கேட்கலாம். ஓய்வுக்காலப் பணம் இவ்விரண்டில் எதைச் சேர்ந்தது என்ற கேள்விக்கு இந்தியச் சட்டம் தெளிவான விடை சொன்ன ஆண்டு 1971. தாமதித்தால் அரசு அதற்கு விலை தரவேண்டும் என்ற விடை வருவதற்கு மேலும் பதின்மூன்று ஆண்டுகள் ஆயின.

போரில் உயிர்விட்ட வீரனின் குடும்பத்துக்கு நிலம் விடும் வழக்கம் தமிழகத்துக்குப் பழையது. கல்வெட்டுகளில் வரும் உதிரப்பட்டி என்ற சொல் அவ்வாறு விடப்பட்ட நிலத்தைக் குறிக்கும். ஆனால் அது விட்டவரின் பெருமையைப் பொறித்த கொடையே தவிர, பெற்றவர் மன்றத்தில் ஏறிக் கேட்கக்கூடிய கடன் அன்று. கம்பெனி ஆட்சி வந்தபோது, நாடிழந்த அரசர்களுக்கும் பாளையமிழந்த குடும்பங்களுக்கும் ஒதுக்கப்பட்ட படிகள் இதே வழியில் தொடர்ந்தன. அவற்றைக் கேட்டு வழக்குத் தொடுக்கும் வாய்ப்பைச் சென்னை மாகாணத்தின் 1831-ஆம் ஆண்டு 4-ஆம் ஒழுங்குவிதி அடைத்தது. பறிமுதலான பாளையங்களுக்கு ஈடாகத் தரப்பட்ட தொகைகள், யோமியா எனப்பட்ட நாட்படிகள், தருமப்படிகள், பென்ஷன்கள் ஆகியவற்றைப் பற்றிய உரிமைக் கோரிக்கைகளை நீதிமன்றங்கள் விசாரிக்கலாகாது என்பதே அதன் சாரம்.

தஞ்சையில் நடந்ததைப் பார்த்தால் அந்தக் கால மனப்போக்கு விளங்கும். 1855-இல் இரண்டாம் சிவாஜி ஆண் வாரிசின்றி மறைந்ததும் கம்பெனி தஞ்சை அரசை மட்டுமல்லாமல் அரண்மனையின் தனிச்சொத்தையும் கைப்பற்றியது. அரசி காமாட்சி பாய் சாகேபா சென்னை உச்சநீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்து வென்றார். 1859-இல் லண்டனிலிருந்த பிரிவி கவுன்சில், அதாவது அன்றைய குடியேற்ற நாடுகளுக்கான கடைசி மேல்முறையீட்டு மன்றம், அந்தத் தீர்ப்பைக் கவிழ்த்தது. கைப்பற்றல் ஓர் அரசுச் செயல் என்பதால் அதன் நியாய அநியாயத்தை எந்த நீதிமன்றமும் ஆராய முடியாது என்று அது சொல்லிவிட்டது. மூன்றாண்டு கழித்து, 1862-இல், அரசாங்கமே இரங்கி அந்தச் சொத்தை அரசரின் மனைவியருக்குத் திருப்பிக் கொடுத்தது. உரிமையாகக் கேட்டபோது மறுக்கப்பட்டது உபகாரமாக வந்து சேர்ந்தது என்ற இந்த முறை, பின்னாளில் ஓய்வு பெற்ற எழுத்தர்களின் கோப்புகளிலும் நெடுங்காலம் நீடித்தது.

1831-இன் விதி 1871-ஆம் ஆண்டின் ஓய்வூதியச் சட்டத்தில் கரைந்து, நாடு முழுவதற்குமான விதியாயிற்று. அதன் 4-ஆம் பிரிவு, அரசு வழங்கும் எவ்வகை ஓய்வூதியத்தைப் பற்றியும் உரிமையியல் நீதிமன்றம் வழக்கை ஏற்கக்கூடாது என்று தடுத்தது. கோரிக்கை உள்ளவர் கலெக்டரிடம் போகவேண்டும், அவர் மனமிசைந்து சான்று தந்தால் மட்டுமே நீதிமன்றம் அதைத் தொடலாம். எதிராளியிடம் அனுமதிச் சீட்டு வாங்கிக்கொண்டு வந்து அவன்மேல் வழக்குப் போடு என்பதற்கும் இதற்கும் பெரிய வேறுபாடில்லை. ஆயினும் இந்தச் சட்டத்தை முழுக்கக் கொடியதென்று தள்ளவும் முடியாது. இதன் 11-ஆம் பிரிவு ஓய்வூதியத்தைக் கடன்காரர் ஜப்தி செய்ய முடியாதபடி காத்தது. 12-ஆம் பிரிவு, வரப்போகும் ஓய்வூதியத்தை முன்கூட்டியே வட்டிக்கடைக்காரருக்கு எழுதிக்கொடுக்கும் பத்திரங்களைச் செல்லாதவையாக்கியது. வெளியாரிடமிருந்து பாதுகாப்பு, அரசிடம் மட்டும் பாதுகாப்பின்மை என்ற இந்த அமைப்பில் ஒரு தந்தைமைத் தோரணை இருந்தது.

சம்பளத்தைப் பற்றியும் நிலைமை இதைவிட மேலாக இருக்கவில்லை. 1919-ஆம் ஆண்டின் இந்திய அரசுச் சட்டத்தில் சேர்ந்த 96-பி பிரிவு, அரசு ஊழியர் மன்னரின் விருப்பம் உள்ளவரை பதவி வகிப்பவர் என்றது. அதே பிரிவின் கீழ் விரிவான பணிவிதிகளும் இயற்றப்பட்டன. அந்த விதிகளை அரசே மீறினால் என்ன செய்வது என்ற கேள்வியை லண்டன்வரை எடுத்துச் சென்றவர்கள் சென்னை மாகாணத்து ஊழியர் இருவர். ஒருவர் சென்னை அரசு அச்சகத்தில் மெய்ப்புப் பார்க்கும் பணியில் இருந்து நீக்கப்பட்ட வெங்கட ராவ். மற்றவர் காவல்துறைத் துணை ஆய்வாளராக இருந்து ஓய்வூதியத்தில் போன பிறகு, பணியிலிருந்து நீக்கப்பட்டதாக ஆணை பெற்ற ரங்காச்சாரி. வெங்கட ராவின் வழக்கில், விதிகள் மீறப்பட்டிருந்தாலும் அதற்குப் பரிகாரம் மேலதிகாரிகளிடம் முறையிடுவதே என்றும், நீதிமன்றத்தில் அவற்றை நிறைவேற்றிக்கொள்ள முடியாது என்றும் பிரிவி கவுன்சில் தீர்த்தது. ரங்காச்சாரியின் வழக்கிலோ, ஏற்கெனவே முறைப்படி பணியைவிட்டுச் சென்றவரைப் பணியிலிருந்து நீக்குவது வெற்று ஆணை என்று சொன்னது. 1937-ஆம் ஆண்டுத் தீர்ப்புத் தொகுதியில் சில பக்க இடைவெளியில் அமைந்த இவ்விரண்டையும் சேர்த்துப் படித்தால், முறையிடலாம், ஆனால் கோரமுடியாது என்ற அன்றைய எல்லைக்கோடு புலப்படும்.

விடுதலைக்குப் பின் அந்தக் கோடு சம்பளத்தின் பக்கமிருந்துதான் முதலில் அழிந்தது. நீக்கப்பட்டுப் பின் மீண்டும் சேர்க்கப்பட்ட பீகார் காவல்துறைத் துணை ஆய்வாளர் ஒருவர், இடைக்காலச் சம்பளத்தைக் கேட்டுத் தொடுத்த வழக்கில், 1954-இல் உச்ச நீதிமன்றம் அவர் பக்கம் நின்றது. மன்னர் தருவது கொடை என்ற ஆங்கிலக் கோட்பாடு இந்தியாவின் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தோடு ஒட்டாது என்பது அந்தத் தீர்ப்பின் அடிப்படைகளுள் ஒன்று. அரசு ஊழியரின் சம்பளத்தை அவருடைய கடன்காரர் ஜப்தி செய்யச் சட்டம் வழிவிடும்போது, அந்தச் சம்பளம் அவருக்கே உரிய கடனாக இல்லாமல் எப்படி இருக்கும் என்ற வாதத்துக்கு மறுமொழி இல்லை. 1960-களில் பஞ்சாப் உயர் நீதிமன்றம் இந்த எண்ணத்தை ஓய்வூதியத்துக்கு நீட்டி, அது பறிக்கமுடியாத உரிமை என்றும், அதைக் குறைக்கும் முன் ஊழியரின் விளக்கத்தைக் கேட்கவேண்டும் என்றும் சொல்லத் தொடங்கியது.

1971-ஆம் ஆண்டு மே மாதம் தேவகிநந்தன் பிரசாத் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்ந்தனர். தீர்ப்பை எழுதியவர் நீதிபதி வைத்தியலிங்கம். மனுதாரர் பீகார் கல்வித்துறையில் பணிபுரிந்தவர். ஐந்தாண்டுக்கு மேல் பணிக்கு வராதவர் வேலையை இழந்தவராகக் கருதப்படுவார் என்ற விதியைக் காட்டி, அவருக்கு ஓய்வூதியமே இல்லை என்று 1968 ஜூனில் அரசு ஆணையிட்டிருந்தது. தீர்ப்பில் நிலைத்துநின்ற கருத்து, ஓய்வூதியம் அரசின் விருப்பப்படி வழங்கும் கொடை அல்ல என்பது. ஆனால் அதைவிடக் கூர்மையான பகுதி வேறொன்று: ஓய்வூதியத்தை அனுமதிக்கும் ஆணை, தொகை எவ்வளவு என்று கணக்கிட்டுச் சொல்லவே தேவைப்படுகிறது, உரிமை அந்த ஆணையிலிருந்து பிறப்பதில்லை, பணிவிதிகளிலிருந்து பிறக்கிறது. கோப்பு மேசையில் கிடக்கும்வரை உரிமையே தோன்றவில்லை என்று அலுவலகம் வாதிடும் வழியை இந்த வரி மூடிவிட்டது. ஓய்வூதியம் அரசியலமைப்பின் 19(1)(எஃப்), 31(1) பிரிவுகள் காக்கும் சொத்து என்றும், எனவே அடிப்படை உரிமை மீறப்பட்டதாக 32-ஆம் பிரிவின்கீழ் நேராக உச்ச நீதிமன்றத்துக்கே வரலாம் என்றும் தீர்ப்பு சொன்னது. நூறு ஆண்டு நின்ற 1871-ஆம் சட்டத்தின் 4-ஆம் பிரிவு உரிமையியல் வழக்கைத் தடுக்கலாம். செயலுறுத்தும் நீதிப்பேராணையை, அதாவது கடமையைச் செய் என்று அதிகாரிக்கு இடும் கட்டளையை, அது தடுக்காது என்றும் தெளிவாக்கியது. பூட்டை உடைக்காமல் பக்கச்சுவரில் வாசல் வைத்த வேலை அது. இன்றுவரை ஓய்வு பெற்ற அரசு ஊழியர்கள் பெரும்பாலும் உயர் நீதிமன்றத்தின் 226-ஆம் பிரிவு அதிகாரத்தை நாடி வருவது இந்த வாசல் வழியாகத்தான்.

அடிப்படை உரிமை என்ற தகுதி நெடுநாள் நிற்கவில்லை. 1978-இன் 44-ஆவது திருத்தம் சொத்துரிமையை அடிப்படை உரிமைகளின் பட்டியலிலிருந்து எடுத்து, சட்டத்தின் அதிகாரமின்றி எவருடைய சொத்தையும் பறிக்கலாகாது என்ற 300-ஏ பிரிவாக வேறிடத்தில் வைத்தது. 1979 ஜூன் முதல் அது நடைமுறைக்கு வந்தது. நிலச்சீர்திருத்தத்தையும் பெருஞ்சொத்துகளையும் மனத்தில் கொண்டு செய்த மாற்றத்தில் ஓய்வுபெற்ற பள்ளி ஆய்வாளரின் ஓய்வூதியமும் இடம்பெயர்ந்தது. அதற்குப்பின் நீதிமன்றங்கள் 14-ஆம் பிரிவின் சமத்துவத்தையும் 21-ஆம் பிரிவின் வாழ்வுரிமையையும் அதிகமாகப் பற்றிக்கொண்டன. 1982 டிசம்பர் 17 அன்று வெளிவந்த நகாரா தீர்ப்பு இந்தத் திருப்பத்தின் உச்சம். 1979 மார்ச் 31-ஆம் நாளை எல்லையாக வைத்து, அன்றும் அதற்குப் பின்பும் ஓய்வு பெற்றவர்களுக்கு மட்டும் கூடுதல் ஓய்வூதியக் கணக்கீடு என்ற பிரிவினையை நீதிபதி டி.ஏ. தேசாயின் தீர்ப்பு செல்லாதென்றது. ஓய்வூதியம் முந்தைய உழைப்புக்குரிய ஊதியம், முதுமைக்கான சமூகப் பாதுகாப்பு என்று விரிவாக எழுதியது. ஓய்வூதியர் சங்கங்கள் அந்த நாளை ஓய்வூதியர் தினமாகக் கொண்டாடுகின்றன. ஆனால் நகாரா வழக்கு எவ்வளவு, யாருக்கு என்பதைப் பற்றியது. எப்போது என்ற கேள்வி அதில் எழவில்லை.

அந்தக் கேள்வி சரியாக இரண்டாண்டு கழித்து, 1984-ஆம் ஆண்டு அதே டிசம்பர் 17 அன்று, கேரள அரசுக்கும் பத்மநாபன் நாயர் என்ற ஓய்வுபெற்ற ஊழியருக்கும் இடையிலான வழக்கில் தீர்ந்தது. சங்கங்கள் கொண்டாடும் நாளில் இந்தத் தீர்ப்பையும் சேர்த்து நினைப்பவர்கள் குறைவு. தாமதத்தை எதிர்த்து மனுப்போடுபவருக்கோ நகாராவைவிட இதுதான் கைக்கருவி. அந்த ஊழியர் ஓய்வு பெற்றது 1973 மே 19. ஓய்வூதியமும் பணிக்கொடையும் கைக்கு வந்தது 1975 ஆகஸ்ட் 14. ஏறத்தாழ இரண்டேகால் ஆண்டு. அவர் அறிவிப்பு அனுப்பி, தாமதத்துக்கு இழப்பீடாக வட்டி கேட்டு வழக்குத் தொடுத்தார். கடைசிச் சம்பளச் சான்றையும் நிலுவையின்மைச் சான்றையும் அவர் கொடுக்கவில்லை என்பது அரசின் மறுமொழி.

இந்த இரண்டு தாள்களைப் பற்றிச் சற்று விளக்கவேண்டும். அலுவலக வழக்கில் எல்.பி.சி. எனப்படும் கடைசிச் சம்பளச் சான்று, ஒருவர் இறுதியாக எந்தத் தேதிவரை எவ்வளவு சம்பளம் பெற்றார், என்னென்ன பிடித்தங்கள் நடந்தன என்பதைக் காட்டுவது. ஒரே காலத்துக்கு இரண்டு இடங்களில் பணம் போய்விடாமல் காப்பதற்கானது. நிலுவையின்மைச் சான்று அவர் அரசுக்குத் திருப்பவேண்டியது எதுவுமில்லை என்பதற்கானது. இரண்டும் அரசு அலுவலகங்களிலேயே பிறந்து அரசு அலுவலகங்களுக்கே போய்ச் சேரும் தாள்கள். நடுவில் நிற்கும் ஓய்வுபெற்றவர் வெறும் தூதுவர். அந்த வழக்கில் முதல் சான்றைத் தாமதப்படுத்தியவர் மாவட்டக் கருவூல அலுவலர் என்று தெரிந்தது. ஒவ்வோர் ஊழியரும் எந்த நாளில் ஓய்வுபெறுவார் என்பது முன்கூட்டியே நன்கு தெரிந்திருக்க, இந்தத் தாள்களை ஏன் ஒரு வாரம் முன்பே ஆயத்தமாக்கி, பணிக்கொடையை ஓய்வுநாளன்றோ மறுநாளோ கொடுத்துவிடக்கூடாது என்று நீதிபதி துல்சாபுர்கரின் தீர்ப்பு கேட்டது. ஓய்வு பெற்று இரண்டு மாதம் முடிந்த பிறகு, குற்றமுள்ள தாமதத்துக்கு அன்றைய சந்தை வட்டி வீதத்தில் தண்டவட்டி தரவேண்டும் என்ற அளவுகோலையும் வைத்தது. மனுதாரர் 12 விழுக்காடு கேட்டிருந்தும் கீழ்நீதிமன்றங்கள் தந்தது 6 விழுக்காடு; உயர் நீதிமன்றத்தில் அவர் எதிர்முறையீடு செய்யாமல் விட்டதால் உச்ச நீதிமன்றம் மனம் இருந்தும் அதை உயர்த்த முடியவில்லை. சந்தை வட்டி என்ற கொள்கையைப் பெற்றுத்தந்தவருக்குச் சந்தை வட்டி கிடைக்கவில்லை.

இத்தீர்ப்பு கேட்ட கால அட்டவணை ஏட்டில் இல்லாதது அன்று. மத்திய அரசின் 1972-ஆம் ஆண்டு ஓய்வூதிய விதிகள், ஓய்வுக்கு இரண்டாண்டு முன்பிருந்தே பணிக்காலத்தைச் சரிபார்க்கும் வேலையைத் தொடங்கச் சொல்லின. இறுதிக் கணக்கு முடியாவிட்டால் தற்காலிக ஓய்வூதியம் தரச் சொல்லின. ஆனாலும் தாமதம் ஏன் என்பதைப் பணிப்பதிவேட்டைப் புரட்டினால் அறியலாம். முப்பது ஆண்டுப் பணியில் பல ஊர்களுக்கு மாறிய ஒருவரின் பதிவேட்டில், எப்போதோ ஓர் அலுவலகம் சரிபார்ப்புக் குறிப்பை எழுதாமல் விட்டிருக்கும். விடுப்புக் கணக்கு ஒன்று பதிவாகாமல் இருக்கும். ஊதிய நிர்ணயம் தவறென்று தணிக்கைத் தடை ஒன்று பழைய கோப்பில் தூங்கிக்கொண்டிருக்கும். தமிழ்நாட்டில் துறை அலுவலகம், மாநிலக் கணக்காயர், கருவூலம் என்ற மூன்று இடங்களுக்கிடையே கருத்துரு போய்வரும்போது இவை ஒவ்வொன்றும் ஒரு திருப்பியனுப்பும் கடிதமாகிறது. பணியிலிருந்தபோது எவரும் கவனிக்காத கூடுதல் ஊதியத்தைப் பணிக்கொடையில் பிடித்துக்கொள்ளும் வழக்கமும் இங்கேதான் தோன்றியது. ஊழியரின் பிழையோ ஏமாற்றோ இல்லாமல் அரசே தவறாகக் கொடுத்ததைக் கீழ்நிலை ஊழியரிடமிருந்தும், ஓய்வு பெற்றவர் அல்லது ஓராண்டுக்குள் ஓய்வுபெற இருப்பவரிடமிருந்தும் பிடிக்கக்கூடாது என்று 2014 டிசம்பரில் ரபீக் மாசி வழக்கில் உச்ச நீதிமன்றம் வரையறுத்தது.

தாமதம் வேறு, நிறுத்திவைப்பு வேறு. ஒழுங்கு நடவடிக்கை முடியாத நிலையில் ஓய்வுநாள் வந்துவிட்டால் என்ன ஆவது என்பதில் மாநிலங்கள் வெவ்வேறு வழியில் சென்றன. மத்திய விதிகளில் அத்தகையவருக்குத் தற்காலிக ஓய்வூதியம் உண்டு, பணிக்கொடை மட்டும் நிற்கும். தமிழ்நாட்டின் அடிப்படை விதி 56(1)(சி), தற்காலிகப் பணிநீக்கத்தில் இருப்பவரை ஓய்வுபெறவே விடாமல் விசாரணை முடியும்வரை பணியில் வைத்திருக்கச் சொல்லும். ஓய்வு நாளன்று மாலையில் வரும் ஆணையைப் பற்றிய அச்சம் அரசு அலுவலகங்களில் பழங்கதைபோல் உலவுவது இந்த விதியினால்தான். விதியே இல்லாமல் வெறும் நிர்வாகச் சுற்றறிக்கையைக் காட்டி நிறுத்திவைக்க முடியுமா என்ற கேள்வி ஜார்க்கண்டிலிருந்து வந்தது. 2013 ஆகஸ்டில் ஜிதேந்திர குமார் ஸ்ரீவாஸ்தவா வழக்கில், ஓய்வூதியமும் பணிக்கொடையும் 300-ஏ பிரிவு காக்கும் சொத்து, சுற்றறிக்கை சட்டமாகாது, ஆகவே நிறுத்த முடியாது என்று உச்ச நீதிமன்றம் விடை சொன்னது. இடம்பெயர்ந்த சொத்துரிமை, முப்பத்துநான்கு ஆண்டு கழித்து, புதிய முகவரியிலிருந்தும் வேலை செய்தது.

எந்த வாசலில் போய் நிற்பது என்பது தனி வரலாறு. 1976-இன் 42-ஆவது திருத்தம் தந்த 323-ஏ பிரிவின்கீழ் 1985-இல் நிர்வாகத் தீர்ப்பாயச் சட்டம் வந்து, மத்திய அரசு ஊழியர்களுக்காக மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம் அமைந்தது. துறைக்கு முறையிட்டு, பதில் வராவிட்டால் ஆறு மாதம் பொறுத்து, அதன்பின் ஓராண்டுக்குள் தீர்ப்பாயத்துக்கு வரவேண்டும் என்பது அதன் ஒழுங்கு. தமிழ்நாட்டுக்கும் 1988-இல் தனித் தீர்ப்பாயம் கிடைத்தது. 1997-இல் சந்திரகுமார் வழக்கில் தீர்ப்பாயங்களின் முடிவுகளும் உயர் நீதிமன்றத்தின் மறுஆய்வுக்கு உட்பட்டவை என்று உச்ச நீதிமன்றம் சொன்ன பிறகு அதன் இருப்புக்கான காரணம் மெலிந்து, 2006-இல் அது கலைக்கப்பட்டு, நிலுவையிலிருந்த வழக்குகள் சென்னை உயர் நீதிமன்றத்துக்குத் திரும்பின. 2004 ஜூலையில் மதுரைக் கிளை திறந்ததால் தென்மாவட்டத்து ஓய்வூதியர்களுக்குச் சென்னைப் பயணம் மிச்சமானது. நுகர்வோர் மன்றத்தை முயன்று பார்த்தவர்களும் உண்டு. தொழிலாளர் வைப்புநிதிச் சந்தாதாரர் நுகர்வோர் என்று 1999-ஆம் ஆண்டில் ஏற்கப்பட்டது, ஆனால் அரசு ஊழியர் தம் ஓய்வுக்காலப் பலன்களுக்காக அங்கே போகமுடியாது என்று 2013-இல் முடிவாயிற்று.

காலந்தவறி வருபவருக்கும் சட்டம் முழுக்கக் கதவடைக்கவில்லை. ஒவ்வொரு மாதமும் வரவேண்டியது வராதபோது, ஒவ்வொரு மாதமும் புதிதாக ஒரு தவறு நிகழ்கிறது என்பதால் ஓய்வூதியக் கோரிக்கை முழுதும் காலாவதியாவதில்லை. நிலுவைத் தொகை மட்டும் வழக்குக்கு முந்தைய மூன்றாண்டுக்குச் சுருங்கும் என்பது 2008-இன் தர்செம் சிங் தீர்ப்பு. அதே ஆண்டில் தமிழ்நாட்டின் புவியியல், சுரங்கத் துறையைப் பற்றிய வழக்கொன்றில் எதிர்த்திசை எச்சரிக்கையும் வந்தது. பணியை இழந்து ஏறத்தாழ பதினெட்டு ஆண்டு கழித்து ஒருவர் கொடுத்த மனுவைப் பரிசீலிக்குமாறு தீர்ப்பாயம் ஆணையிட, அந்தப் பரிசீலனையின் நிராகரிப்பே புதிய வழக்குக்கு வித்தானது. பரிசீலிக்க என்று எளிதாக எழுதப்படும் ஆணைகள் செத்த கோரிக்கைகளுக்கு உயிர்கொடுக்கின்றன என்று உச்ச நீதிமன்றம் கடிந்தது. அந்தக் கண்டிப்பு நியாயமே. ஆனால் பரிசீலிக்க என்ற ஆணையின் மறுபக்கக் கேடு, உயிருள்ள கோரிக்கையை அது இன்னும் சில மாதங்களுக்குத் தூங்கவைப்பது. 1971-இன் பெருந்தீர்ப்பிலும் பேசப்பட்ட பேராணை சட்டப்படி பரிசீலிக்கச் சொல்லும் பேராணைதான்.

அரசுத்துறையில் இல்லாமல் அரசின் கழகங்களில் உழைத்தவர்களின் நிலை வேறு. போக்குவரத்துக் கழக ஓட்டுநரும் நடத்துநரும் மக்கள் கண்ணுக்கு அரசு ஊழியர். சட்டத்தின் கண்ணுக்குக் கம்பெனிப் பணியாளர். அதனால் 2025 வரை அவர்களுக்கு 1972-ஆம் ஆண்டுப் பணிக்கொடைச் சட்டம் பொருந்தியது. தனிவிதிகளுக்கு உட்பட்ட அரசு ஊழியரை அச்சட்டம் தன் வரம்பிலிருந்து விலக்கிவிட்டது. முப்பது நாளுக்குள் பணிக்கொடை தரவேண்டும், தவறினால் வட்டி என்ற 7(3-ஏ) பிரிவு 1987-இல் சேர்ந்து, 10 விழுக்காடு என்று வீதம் அறிவிக்கப்பட்டது. தொழிலாளர் துறையின் கட்டுப்பாட்டு அதிகாரி ஆணையிட்டால் கலெக்டரால் அதை நிலவரி பாக்கியைப்போல் வசூலிக்க முடிந்தது. 1871-இல் வாசலை மறித்து நின்ற அதே கலெக்டர் இங்கே வசூல் செய்து கொடுப்பவராக மாறியிருப்பது கவனிக்கத்தக்கது. ஆனால் கழகத்தின் கல்லாவில் பணமில்லை என்றால் ஆணை என்ன செய்யும்? பீகாரின் அரசுக் கழகங்களில் ஆண்டுக்கணக்கில் சம்பளமின்றி ஊழியர்கள் மடிந்த நிலையில், கம்பெனி தனி ஆள் என்ற திரைக்குப் பின்னால் மாநில அரசு ஒளியமுடியாது என்று 2003-இல் கபிலா ஹிங்கொரானி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லி, 50 கோடி ரூபாயைக் கட்ட வைத்தது. தமிழ்நாட்டில் போக்குவரத்துக் கழக ஓய்வூதியர்கள் பணிக்கொடைக்கும் விடுப்புச் சரண் தொகைக்கும் வைப்புநிதிக்குமாகச் சென்னையிலும் மதுரையிலும் தொடர்ந்து தொடுத்துவந்த மனுக்களில் அரசும் எதிர்மனுதாரராகச் சேர்க்கப்படுவதன் பின்னணி இதுதான்.

அரசே பணமுடையில் இருந்த காலங்களில் தாமதத்துக்கு நாகரிகமான வடிவங்களும் கிடைத்தன. 2020 மே மாதம் தமிழ்நாட்டில் ஓய்வு வயது 58-இலிருந்து 59 ஆகவும், 2021 பிப்ரவரியில் 60 ஆகவும் உயர்ந்தது. பணியில் நீடித்தவர்கள் அதை வரவேற்றார்கள். கருவூலம் அந்த ஆண்டுகளில் கொடுக்கவேண்டியிருந்த பணிக்கொடையும் ஓய்வூதியத்தில் ஒரு பகுதியைத் தொகுத்துத் தரும் தொகையும் சட்டப்படியே தள்ளிப்போயின. அதைக் குறைசொல்ல எந்த நீதிமன்றத்திலும் காரணம் இருக்கவில்லை.

வட்டியின் வீதம் நீதிபதிக்கு நீதிபதி மாறியது: 1990-களில் 18 விழுக்காடு விதித்த தீர்ப்புகள் உண்டு, 2021-இல் ஆந்திராவின் வழக்கில் 6 விழுக்காடு. மத்திய விதிகள் பணிக்கொடைத் தாமதத்துக்கு மட்டுமே வட்டியைப் பேசின. மற்றப் பலன்களுக்கு விதியில்லை என்ற எதிர்வாதத்தை 2008-இன் எஸ்.கே. துவா தீர்ப்பு, விதியோ சுற்றறிக்கையோ இல்லாவிட்டாலும் அரசியலமைப்பின் 14, 19, 21 பிரிவுகளை வைத்தே வட்டி கேட்கலாம் என்று தள்ளியது. வீதம் எதுவானாலும் அது பொதுக் கருவூலத்திலிருந்தே போகிறது, தாள் தாமதித்த மேசையிலிருந்து அன்று. 1984-இன் தீர்ப்பு இதையும் விட்டுவைக்கவில்லை. சான்றைத் தாமதப்படுத்திய கருவூல அலுவலர் வழக்கில் கட்சியாகச் சேர்க்கப்படாததால் அவர்மேல் பொறுப்பைச் சுமத்த முடியவில்லை என்று வருந்திய நீதிமன்றம், இழப்பை அவரிடமிருந்து ஈடுகட்டுவதா என்பதை அரசே முடிவு செய்யட்டும் என்று விட்டது. வட்டி கொடுக்க நேர்ந்த ஒவ்வொரு நேர்விலும் பொறுப்பானவரைக் கண்டறிந்து நடவடிக்கை எடுக்கவேண்டும் என்று மத்திய ஓய்வூதிய விதி 68-இலும் எழுதப்பட்டது. நடைமுறையில் நீதிப்பேராணை மனுவின் எதிர்மனுதாரர் பட்டியல் பதவிகளால் ஆனது: செயலாளர், இயக்குநர், மாநிலக் கணக்காயர், கருவூல அலுவலர். ஆணை அந்தப் பதவிகளைக் கட்டும். கோப்பை வைத்திருந்தவர் அதற்குள் வேறு மாவட்டத்துக்கு மாறியிருப்பார், அல்லது அவரே ஓய்வுபெற்றுத் தம் கருத்துருவின் பின்னால் அலைந்துகொண்டிருப்பார். பணம் வராமல், 1971-ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டப்படி ஓராண்டுக்குள் தொடுக்கவேண்டிய அவமதிப்பு மனுவுக்கு வழக்கு நகரும்போதுதான், எதிர்மனுதாரர் என்ற இடத்தில் பதவிக்கு முன்னால் ஓர் ஆளின் பெயர் முதன்முறையாகத் தட்டச்சாகிறது.